படக்கருவிக்கு முன்னும் பின்னும்: ழான் ரூஷின் இனவரைவியல் ஆவணப்படங்களில் படைப்பாளியின் இருப்பு

முன்னுரை

தொல்காப்பியர் செய்யுளியலில் செய்யுளுக்குரிய உறுப்புகளாக 34 கூறுகளை எண்ணுகின்றார். மாத்திரை, எழுத்து, அசை முதலியவற்றோடு கூற்று, கேட்போர், களன் ஆகியனவும் அங்குத் தனித்தனி உறுப்புகளாக இடம்பெற்றுள்ளன. ஒரு பாடலை யார் கூறுகின்றார், யார் கேட்கின்றார், எவ்விடத்து நின்று கூறுகின்றார் என்பன அறியப்படாதவிடத்து அப்பாடலின் பொருள் முழுமையடையாது என்னும் கருத்து இதனுள் அடங்கியுள்ளது. தலைவி கூற்றைத் தோழி கூற்றாகக் கொண்டு உரை எழுதினால் பாட்டின் பொருள் திரிந்துவிடும் என்பதைச் சங்க இலக்கியம் கற்பிக்கும் ஆசிரியர் அனைவரும் அறிவர்.

இவ்வளவு தெளிவாக நாம் செய்யுளிற் கேட்கும் வினாக்களை ஆவணப்படத்தை நோக்கும்போது பெரும்பாலும் கேட்பதில்லை. ஓர் இனத்தாரின் சடங்கையோ தொழிலையோ திருவிழாவையோ காட்டும் படத்தில் ஒலிக்கும் குரல் யாருடையது? அது யாரை நோக்கிப் பேசுகின்றது? படம் பிடிக்கப்பட்ட மக்கள் அதனைக் கேட்டனரா? இவ்வினாக்களைத் தம் வாழ்நாள் முழுவதும் தம் படங்களின் வழியே எழுப்பியவர் பிரெஞ்சு மானிடவியல் அறிஞரும் ஆவணப்பட இயக்குநருமான ழான் ரூஷ் (1917-2004) ஆவார். தாம் எடுத்த படங்களில் தம் குரலையும், சில படங்களில் தம் உருவத்தையும் வெளிப்படையாக வைத்தவர் அவர். அவ்வாறு வைத்தமைக்குரிய வரலாற்றுக் காரணங்களையும், அதனால் விளைந்த பயனையும், அதன் எல்லையையும் ஆராய்வது இக்கட்டுரையின் நோக்கமாகும். கூற்று, கேட்போர் என்னும் இரு சொற்களையும் இவ்வாய்வுக்குரிய கருவிகளாக இங்குக் கையாள்கின்றோம்.

மறைந்து நின்ற குரல்

இருபதாம் நூற்றாண்டின் முற்பாதியில் உருவான ஆவணப்படங்களுள் பெரும்பாலானவை ஒரே அமைப்பினை உடையன. திரையில் மக்கள் தத்தம் வேலையைச் செய்துகொண்டிருப்பர். திரையில் தோன்றாத ஓர் ஆண்குரல் அவர்தம் செயலுக்கு விளக்கம் கூறிச் செல்லும். அக்குரலுக்குப் பெயரில்லை, ஊரில்லை, ஐயமுமில்லை. குடியேற்ற ஆட்சிகளின் செய்திப்படங்கள் இவ்வமைப்பினையே பின்பற்றின. 1946-ஆம் ஆண்டில் தொடங்கப்பெற்ற மலாயாத் திரைப்படப் பிரிவின் படங்களைக் கண்டோர்க்கும் இக்குரல் பழக்கமானதே.

எனினும் இதற்கு மாறான இரு முன்னோடிகள் இருந்தனர். முதலாமவர் ராபர்ட் பிளாகர்ட்டி. கனடாவின் வடபகுதியில் வாழும் இனுயிட் மக்களைப் பற்றி 1922-இல் 'நானூக்' என்னும் படத்தை வெளியிட்ட அவர், எடுத்த காட்சிகளை அவ்விடத்திலேயே பதப்படுத்தி, நடித்த மக்களுக்கே போட்டுக் காட்டினார். அடுத்து எதனைப் படமெடுக்கலாம் என்பதை அவர்களோடு கலந்து பேசினார். ஆயினும் அப்படத்தில் அவர் எங்கும் தோன்றுவதில்லை. பனிவீட்டின் உட்புறத்தைக் காட்டப் போதிய வெளிச்சம் இல்லாமையால் பாதி வீடு மட்டும் கட்டப்பட்டது என்பதையும் படம் பார்ப்போர் அறிவதற்கில்லை.

இரண்டாமவர் சோவியத் நாட்டு இயக்குநர் ழீகா வெர்தோவ். 1929-இல் வெளிவந்த 'படக்கருவியோடு ஒரு மனிதன்' என்னும் படத்தில் அவருடைய இளவல் மிக்காயில் கௌஃப்மன் படக்கருவியைச் சுமந்துகொண்டு நகரெங்கும் திரிவதைக் காண்கின்றோம். படச்சுருள்கள் வெட்டி ஒட்டப்படுவதும் திரையில் காட்டப்படுகின்றது. படம் என்பது தானாக விளைந்ததன்று, ஒருவர் கையால் செய்யப்பட்டது என்பதை மறைக்காமை வெர்தோவின் கொள்கையாகும். பிளாகர்ட்டி, வெர்தோவ் ஆகிய இருவரையுமே தம் முன்னோர் என ரூஷ் பன்முறை குறிப்பிட்டுள்ளார். முன்னவரிடமிருந்து கேட்போரையும், பின்னவரிடமிருந்து கூற்றின் வெளிப்படைத் தன்மையையும் அவர் பெற்றுக்கொண்டார் எனலாம்.

பொறியாளர் மானிடவியலாளரான வரலாறு

ரூஷ் பாரிஸில் பிறந்தவர். பாலமும் சாலையும் அமைக்கும் பொறியியல் பயின்றவர். 1941-இல், பிரான்சு நாடு ஜெர்மானியரின் பிடியில் இருந்த காலத்தில், மேற்கு ஆப்பிரிக்காவின் நைஜர் நாட்டில் சாலை அமைக்கும் பணிக்குச் சென்றார். அங்கே அவர்தம் பணியிடத்தில் தொழிலாளர் பலர் மின்னல் தாக்கி மாண்டனர். இதனை இடியின் தெய்வமான தொங்கோவின் சினம் என உள்ளூர் மக்கள் கருதினர். உரிய சடங்கு செய்யப்பட வேண்டும் என்றனர். சோர்கோ என்னும் மீனவர் குலத்தைச் சேர்ந்த இளைஞர் தமூரே சிக்கா தம் பாட்டியாரை அழைத்து வந்தார். அம்மூதாட்டி நடத்திய சடங்கில் சிலர்மீது அருள் இறங்கியது. அக்காட்சியே ரூஷின் வாழ்க்கைப் போக்கினை மாற்றியது. தமூரேயுடன் அன்று தொடங்கிய நட்பு ஏறத்தாழ அறுபது ஆண்டுகள் நீடித்தது என்பது இங்கு மனங்கொள்ளத் தக்கது. பின்னாளில் மார்செல் கிரியோலின் மேற்பார்வையில் ஆய்வு செய்து, 1952-இல் முனைவர் பட்டம் பெற்றார்.

போர் முடிந்தபின், 1946-47-இல், நண்பர் இருவருடன் சுமார் 4,200 கிலோமீட்டர் நீளமுள்ள நைஜர் ஆற்றில் மரத்தோணியில் பயணம் செய்தார். பாரிஸின் பழம்பொருட் சந்தையில் வாங்கிய 16 மில்லிமீட்டர் படக்கருவி ஒன்று உடனிருந்தது. பயணத்தின் தொடக்கத்திலேயே முக்காலி ஆற்றில் விழுந்து காணாமற் போயிற்று. வேறு வழியின்றிக் கருவியைக் கையிலேந்திப் படமெடுக்கத் தொடங்கினார். முக்காலியின்மீது நிற்கும் கருவி நிகழ்ச்சியைத் தொலைவிலிருந்து நோக்கும். கையிலேந்திய கருவியோ எடுப்பவரின் நடையையும் மூச்சையும் படத்தினுள் கொண்டுவந்துவிடும். ரூஷின் உடல் அவருடைய படங்களில் இடம்பெறத் தொடங்கியது இவ்விழப்பினால்தான் எனக் கூறுவது மிகையன்று.

அப்பயணத்தில் எடுத்த காட்சிகளைப் பாரிஸிலுள்ள செய்திப்பட நிறுவனம் ஒன்று வாங்கி, 1947-இல் 'கறுப்பு மந்திரவாதிகளின் நாட்டில்' என்னும் குறும்படமாக வெளியிட்டது. மிதிவண்டிப் பந்தயத்தை வருணிப்பது போன்ற துள்ளல் குரலில் ஒருவர் அதற்கு விளக்கம் கூறினார். தாம் கண்டது வேறு, அக்குரல் கூறியது வேறு என்பதை ரூஷ் வருத்தத்துடன் உணர்ந்தார். அதன்பின் தம் படங்களுக்குத் தாமே குரல் கொடுப்பதென முடிவு செய்தார். கூற்று பற்றி அவர் கற்ற முதற்பாடம் இதுவாகும்.

அயொருவில் ஒரு திரையிடல்

கேட்போர் பற்றிய பாடம் சில ஆண்டுகள் கழித்துக் கிட்டியது. 1951-இல் சோர்கோ மக்கள் நைஜர் ஆற்றில் நடத்திய நீர்யானை வேட்டையை ரூஷ் படமாக்கியிருந்தார். 1954-இல் அப்படத்தை அயொரு என்னும் ஆற்றங்கரை ஊருக்கு எடுத்துச் சென்று, வேட்டையாடியவர்களுக்கே திரையிட்டார். சில நொடிகளில் மக்கள் திரையின் மொழியை விளங்கிக்கொண்டனர். இடைக்காலத்தில் இறந்துபோன உறவினரைத் திரையிற் கண்டு சிலர் அழுதனர். மீண்டும் மீண்டும் போட்டுக் காட்டும்படி கேட்டனர். அதன்பின் குறை கூறத் தொடங்கினர்.

வேட்டைக் காட்சிக்கு விறுவிறுப்பு ஊட்டும் பொருட்டு, வேடர்களுக்கு வீரமூட்டும் அவர்தம் மரபிசையையே ரூஷ் பின்னணியில் சேர்த்திருந்தார். வேடர்களோ அதனை ஏற்கவில்லை. நீர்யானை வேட்டையின்போது ஆழ்ந்த அமைதி வேண்டும். இவ்வளவு ஓசை எழுந்தால் நீர்யானை கேட்டுத் தப்பிவிடும் என்றனர். இசை அவர்களுடையதே, அதன் பொருளும் ரூஷ் அறிந்ததே. ஆயினும் அது பாரிஸ் திரையரங்கின் மரபுப்படி வைக்கப்பட்டதேயன்றி, ஆற்றின் மரபுப்படி வைக்கப்பட்டதன்று. ரூஷ் அவ்விசையை நீக்கினார்.

இந்நிகழ்ச்சி சிறியதாகத் தோன்றினும் இதன் விளைவு பெரிது. ஓர் ஆய்வாளர் எழுதும் நூலை அவரால் ஆராயப்பட்ட மக்கள் படித்துத் திருத்துவது அக்காலத்தில் அரிது. அவர்களுட் பலர் எழுத்தறியாதவர். நூலின் மொழியும் அவர்தம் மொழியன்று. ஆனால் படத்தை அவர்கள் பார்க்கலாம், பிழையைச் சுட்டலாம். ஆராயப்படுவோர் ஆராய்வோரைத் திருத்தும் இம்முறையினையே ரூஷ் பின்னர் 'பகிர்வு மானிடவியல்' என்று அழைத்தார். அயொருத் திரையிடலே அதற்கு வித்திட்டது.

பித்தேறிய தலைவர்கள்

அதே 1954-ஆம் ஆண்டில் ரூஷ் எடுத்த மற்றொரு படம் இம்முறையின் எல்லையை அவருக்கே உணர்த்தியது. அன்று பிரிட்டிஷ் ஆட்சியின்கீழ் இருந்த தங்கக் கடற்கரையின் தலைநகரான அக்ராவில், நைஜரிலிருந்து பிழைப்புத் தேடிச் சென்ற தொழிலாளர்கள் ஹவுக்கா என்னும் வழிபாட்டினை நடத்திவந்தனர். அவ்வழிபாட்டில் அருள் இறங்கியவர்கள் பண்டைத் தெய்வங்களாக ஆடுவதில்லை. ஆளுநராகவும் படைத்தலைவராகவும் இரயில் ஓட்டுநராகவும் ஆடினர். வழிபாட்டின் தலைவர்களே அழைத்ததன்பேரில் ரூஷ் அதனைப் படமாக்கினார். 1955-இல் முழுமை பெற்ற அப்படம் 'பித்தேறிய தலைவர்கள்' எனப்படும். வாயில் நுரை தள்ள ஆடுவோரையும், நாயைப் பலியிட்டு உண்பதையும் அது ஒளிவின்றிக் காட்டுகின்றது. ஆளுநர் சிலையின் தலையில் முட்டை உடைக்கப்படும் காட்சியைத் தொடர்ந்து, இறகு சூடிய தலைக்கவசத்துடன் உண்மையான ஆளுநர் அணிவகுப்பைப் பார்வையிடும் காட்சி வருகின்றது. மறுநாள் அதே மனிதர்கள் தத்தம் வேலையிடங்களில் சிரித்த முகத்துடன் உழைப்பதோடு படம் முடிகின்றது.

பாரிஸ் மனித அருங்காட்சியகத்தில் இக்காட்சிகள் முதன்முதலில் திரையிடப்பட்டபோது ரூஷ் உடனிருந்து வாய்மொழியாகவே விளக்கம் அளித்தார். அவையிலிருந்தோர் அதிர்ச்சியுற்றனர். அவருடைய ஆசிரியரான கிரியோல் இப்படத்தை அழித்துவிடும்படி கூறினார். அங்கிருந்த ஆப்பிரிக்கரும் அதனையே வேண்டினர். ஆசிரியரின் சினத்திற்கும் ஆப்பிரிக்கரின் சினத்திற்கும் காரணம் ஒன்றன்று. முன்னவர் ஐரோப்பியர் எள்ளப்படுவதனையும் ஆய்வின் மதிப்புக் குறைவதனையும் கண்டார். பின்னவரோ, ஆப்பிரிக்கர் காட்டுமிராண்டிகள் என்னும் பொய்க்கு இப்படம் சான்றாகக் கொள்ளப்படும் என அஞ்சினர். தங்கக் கடற்கரையின் ஆட்சியாளர்கள் இதனைத் தடைசெய்தனர். 1957-இல் வெனிஸ் திரைப்பட விழாவில் இப்படம் பரிசு பெற்றது. எனினும் இதனைப் பொதுமக்களிடையே பரவலாகத் திரையிடுவதை ரூஷ் தவிர்த்தே வந்தார்.

இங்கு நாம் நோக்க வேண்டியது ஒன்றுண்டு. இப்படத்தில் மக்களின் இசைவு இருந்தது, அழைப்பும் இருந்தது. ரூஷின் குரலும் வெளிப்படையாகவே ஒலித்தது. ஆயினும் ஹவுக்கா அடியார்கள் தம் பொருளைத் தாமே கூறவில்லை. அவர்களுக்காக ரூஷ் கூறினார். தம் கூற்றினை வெளிப்படுத்துவது மட்டும் போதாது, கூற்றினைப் பகிர்ந்தளிக்கவும் வேண்டும் என்னும் தெளிவு இதன்பின் அவருடைய படங்களிற் புலப்படுகின்றது.

கூற்றினைக் கைம்மாற்றுதல்

1958-இல் வந்த 'நான், ஒரு கறுப்பன்' என்னும் படம் இவ்வகையில் திருப்புமுனையாகும். ஐவரி கோஸ்ட்டின் அபிஜான் நகரிலுள்ள திரெஷ்வீல் பகுதியில் கூலிவேலை செய்யும் நைஜர் இளைஞர்களின் வாழ்வை அது கூறுகின்றது. அக்காலக் கைக்கருவியை விசை முறுக்கி இயக்க வேண்டியிருந்ததால் ஒரு காட்சி 25 நொடிக்குமேல் நீள இயலாது; ஒலியையும் உடன் பதிய இயலாது. இக்குறையையே ரூஷ் வாய்ப்பாக்கிக்கொண்டார். படத்தின் தொடக்கத்தில் ரூஷின் குரல் தம்மை அறிமுகப்படுத்திக்கொள்கின்றது. பின்னர் அது விலகிக்கொள்ள, படத்தில் தோன்றும் உமரு கந்தா தம் வாழ்வைத் தாமே பார்த்து, தம் சொற்களால் பேசிச் செல்கின்றார். இந்தோசீனப் போரில் பிரெஞ்சுப் படையிற் பணியாற்றித் திரும்பி, துறைமுகத்தில் மூட்டை சுமந்த அவ்விளைஞரின் கனவும் கசப்பும் அவர் குரலிலேயே வெளிப்படுகின்றன. அவ்வாண்டின் லூயி டெல்லுக் பரிசு இப்படத்திற்குக் கிடைத்தது. கந்தா பின்னர்த் தாமே இயக்குநரானார். ரூஷ் காட்டிய தம் கதையில் நிறைவு கொள்ளாமையும் அவரைப் படமெடுக்கத் தூண்டியது. தம் போர் வாழ்வைத் தாமே 'கபஸ்கபோ' என்னும் படமாக எடுத்தார். கூற்று உண்மையாகவே கைம்மாறியது எனலாம்.

1954-இல் எடுக்கத் தொடங்கி 1967-இல் வெளிவந்த 'ஜாகுவார்' என்னும் படத்திலும் இம்முறையே கையாளப்பட்டது. தமூரேயும் லாம் இப்ராகிமும் இல்லோவும் தங்கக் கடற்கரைக்குச் சென்று திரும்பும் பயணக் கதைக்கு, அவர்களே பின்னர்த் திரையைப் பார்த்துப் பேசிச் சிரித்து உரை வழங்கினர்.

ஒரு கோடையின் குறிப்பேடு

ரூஷின் உருவம் திரையில் முழுமையாக இடம்பெறுவது 1961-இல் வெளிவந்த இரு படங்களில் ஆகும். 'மனிதப் பிரமிடு' என்னும் முதற்படத்தில், அபிஜான் உயர்நிலைப் பள்ளியொன்றில் ஒரே வகுப்பிற் படித்தும் பழகாதிருந்த வெள்ளை மாணவரையும் கறுப்பு மாணவரையும் சந்தித்து, தாம் எடுக்கவிருக்கும் படத்தைப் பற்றி ரூஷ் விளக்குவதைக் காண்கின்றோம். சிலர் இனவெறியராக நடிக்க வேண்டியிருக்கும் என்பதையும் அவர் அங்கே வெளிப்படையாகக் கூறிவிடுகின்றார்.

இரண்டாவது, சமூகவியல் அறிஞர் எட்கர் மொரேனுடன் இணைந்து 1960-ஆம் ஆண்டுக் கோடையில் பாரிஸில் எடுத்த 'ஒரு கோடையின் குறிப்பேடு'. அதுவரை ஆப்பிரிக்காவை நோக்கிய ஆய்வுக் கண் இப்பொழுது தம் ஊரையே நோக்கித் திரும்பியது. வெர்தோவின் தொடரை நினைவுகூரும் வகையில் இப்படமுறைக்கு 'சினிமா வெரித்தே', அதாவது மெய்த் திரைப்படம், எனப் பெயரிட்டனர். படம் தொடங்கியதும் ரூஷும் மொரேனும் மார்செலின் லொரிடான் என்னும் பெண்மணியுடன் அமர்ந்து, படக்கருவிக்கு முன் இயல்பாகப் பேச இயலுமா என வினவுகின்றனர். அச்சமாக உள்ளது என்கின்றார் அவர். பின்னர் அவரே ஒலிவாங்கியுடன் தெருவிற் சென்று, நீங்கள் மகிழ்ச்சியாக இருக்கின்றீர்களா என வழிப்போக்கரைக் கேட்கின்றார். தொழிற்சாலைத் தொழிலாளி, மாணவர், இத்தாலியிலிருந்து வந்த பெண், ஆப்பிரிக்க மாணவர் எனப் பலர் தத்தம் வாழ்வைப் பேசுகின்றனர். அல்ஜீரியப் போர் நடந்துகொண்டிருந்த காலம் அது. அதைப் பற்றியும் வாதிடுகின்றனர்.

இப்படத்திற்குத் தொழில்நுட்பமும் துணைநின்றது. பொறியாளர் ஆந்திரே கூத்தான் உருவாக்கிவந்த எடை குறைந்த கருவியும், நாக்ரா எனப்படும் கையடக்க ஒலிப்பதிவுக் கருவியும் அவ்வாண்டிற் கைக்கு வந்தன. கையிற் கருவியேந்தி நடந்தே படமெடுப்பதில் வல்லவரான கனடாவின் மிஷேல் புரோ வரவழைக்கப்பட்டார்.

படத்தின் உயிர்நிலையான பகுதி ஒன்று உண்டு. உணவு மேசையில், மார்செலினின் கையிற் பச்சை குத்தப்பட்டிருக்கும் எண்ணைக் காட்டி, அது என்ன என ஆப்பிரிக்க இளைஞர்களை ரூஷ் கேட்கின்றார். அவர்கள் விளையாட்டாக ஏதோ விடை கூறுகின்றனர். அது நாட்சி வதைமுகாமில் பொறிக்கப்பட்ட எண் என அறிந்ததும் அவர்தம் முகம் மாறுகின்றது. அடுத்து, மார்செலின் பாரிஸின் வெறிச்சோடிய சதுக்கத்திலும் சந்தைக் கூடத்திலும் தனியே நடந்து செல்கின்றார். ஒலிப்பதிவுக் கருவி அவரிடமே உள்ளது. 1944-இல் தம்முடன் நாடுகடத்தப்பட்டுத் திரும்பி வராத தந்தையை விளித்து மெல்லப் பேசுகின்றார். படக்கருவி அவருக்கு முன்னே விலகிக்கொண்டே செல்கின்றது. அவர் என்ன பேசினார் என்பது அப்பொழுது இயக்குநருக்குக் கேட்கவில்லை. கேட்கும் பொறுப்பினைத் துறந்து, கூற்றினை முழுதும் அவரிடமே விட்டுவிட்டமையால்தான் அப்பேச்சு இயன்றது என்பது நம் கருத்தாகும்.

படத்தின் இறுதியில், எடுத்த காட்சிகளை நடித்தவர்களுக்கே போட்டுக் காட்டி, அவர்தம் கருத்தையும் படமாக்கியுள்ளனர். அயொருத் திரையிடல் இங்குப் படத்தின் உள்ளேயே வந்துவிட்டது. சிலர் ஒரு காட்சியைப் பொய் என்றனர். சிலர் அதனையே அளவு கடந்த உண்மை, பிறர் காணத் தகாதது என்றனர். அதன்பின் மனித அருங்காட்சியகத்தின் கூடத்தில், கண்ணாடிப் பேழைகளுக்கு நடுவே, ரூஷும் மொரேனும் முன்னும் பின்னும் நடந்தவாறு தம் முயற்சியின் வெற்றி தோல்விகளை எடைபோடுகின்றனர். பிற பண்பாடுகளைக் காட்சிக்கு வைக்கும் கூடத்தில் இப்பொழுது இயக்குநர்களே காட்சிப் பொருளாகி நிற்கின்றனர். தம் ஐயங்களைத் தம் முகத்தோடு சேர்த்துப் பார்வையாளரிடம் ஒப்படைக்கின்றனர்.

சிமிரியில் பத்து நிமிடம்

உருவம் தோன்றாமலும் படைப்பாளி தம் படத்தில் முழுமையாக இருத்தல் கூடும் என்பதற்கு 1971-இல் எடுக்கப்பட்ட 'தூரூவும் பித்தியும்' சான்றாகும். நைஜரின் சிமிரி ஊரில், பயிரை வெட்டுக்கிளிகளிடமிருந்து காக்க வேண்டிப் பழைய முரசங்களை முழக்கி அருளாட்டம் நடத்தப்பட்டது. நாட்கள் சென்றும் எவர்மீதும் அருள் இறங்கவில்லை. மாலைநேரத்தில் ரூஷ் கருவியைத் தோளிலேந்தி ஊர்ப்புறத்திலிருந்து களத்தினுள் இடையறாது நடந்து வருகின்றார். வெட்டே இல்லாத இக்காட்சி ஏறத்தாழப் பத்து நிமிடம் நீள்கின்றது. ஒரு கட்டத்தில் முரசு ஓய்ந்துவிடுகின்றது. ரூஷ் கருவியை நிறுத்தவில்லை. முரசம் மீண்டும் முழங்குகின்றது. முதியவர் ஒருவர்மீது அருள் இறங்குகின்றது.

தாம் படமெடுத்ததே அவ்வருளைத் தூண்டியிருக்கக் கூடும் என ரூஷ் பின்னர் எழுதினார். படமெடுக்கும் வேளையில் தாமும் தம் இயல்பு நிலையில் இல்லை என்றும் கூறினார். நோக்குபவர் இல்லாமலே நிகழ்ச்சி இவ்வாறுதான் நிகழ்ந்திருக்கும் என்னும் பழைய நம்பிக்கையை இது தகர்க்கின்றது. ரூஷின் கூற்றை ஏற்போர் ஏற்கலாம், மறுப்போர் மறுக்கலாம். ஆனால் அவர் அங்கு இருந்தார் என்பதை எவரும் மறந்துவிட இயலாதவாறு படம் அமைந்துள்ளது.

மறுப்புகள்

ரூஷின் முறை குறையற்றது எனக் கொள்ளுதல் பொருந்தாது. 1965-இல் நடந்த உரையாடல் ஒன்றில் செனகல் நாட்டு எழுத்தாளரும் இயக்குநருமான உஸ்மான் செம்பேன், இனவரைவியலார் ஆப்பிரிக்கரைப் பூச்சிகளைப் போல் நோக்குகின்றனர் என ரூஷிடம் நேருக்கு நேர் கூறினார். படத்தில் எவ்வளவு பேசவிட்டாலும், எதனை வைப்பது எதனை வெட்டுவது என்னும் முடிவு பாரிஸிலுள்ள தொகுப்பறையிலேயே எடுக்கப்படுகின்றது என்பது இவ்வகை மறுப்பின் அடிப்படை. 'ஒரு கோடையின் குறிப்பேடு' படத்திற்காக எடுக்கப்பட்ட சுமார் 25 மணி நேரக் காட்சிகளிலிருந்து ஒன்றரை மணி நேரமே எஞ்சியது. எஞ்சியவற்றைத் தெரிந்தவர்கள் திரையில் நடித்தவர்கள் அல்லர்.

ரூஷ் இம்மறுப்புகளை அறியாதவர் அல்லர். 'கொஞ்சங் கொஞ்சமாக' என்னும் படத்தில் தமூரே பாரிஸுக்குச் சென்று, மானிடவியலாளர் ஆப்பிரிக்காவிற் செய்ததைப் போலவே, வழிப்போக்கரை நிறுத்தி அவர்தம் உடலுறுப்புகளை அளந்து வினாக்கள் கேட்கின்றார். நகைச்சுவையாயினும் அது தம் துறைமீதே ரூஷ் வைத்த குற்றச்சாட்டாகும். 1995-இல் மாலி நாட்டில் பிறந்த அறிஞர் மந்தியா தியவாரா, ரூஷையே ஆய்வுப் பொருளாகக் கொண்டு, பாரிஸில் அவரைப் பின்தொடர்ந்து ஒரு படம் எடுத்தார். தம்மீது கருவி திருப்பப்படுவதற்கு ரூஷ் இசைந்தார்.

சென்னையில் மற்றொரு பிரெஞ்சு இயக்குநர்

இந்தியவியல் பயில்வோர்க்கு அணுக்கமான ஒப்பீடு ஒன்றை இங்கு முன்வைக்கலாம். 1968-ஆம் ஆண்டின் தொடக்க மாதங்களில் பிரெஞ்சு இயக்குநர் லூயி மால், ஒளிப்பதிவாளர் ஒருவரையும் ஒலிப்பதிவாளர் ஒருவரையும் மட்டும் உடனழைத்துக்கொண்டு இந்தியாவிற் பயணம் செய்தார். அதன் பயனாக 1969-இல் ஏழு பகுதிகள் கொண்ட தொலைக்காட்சித் தொடர் வெளிவந்தது. அதில் சென்னையைப் பற்றிய பகுதி தனியே உள்ளது. மயிலாப்பூர்த் தேரோட்டமும் கலாக்ஷேத்ராவின் பரதநாட்டியப் பயிற்சியும் அதில் இடம்பெற்றுள்ளன.

மாலும் தம் குரலிலேயே, தன்மை இடத்திலேயே பேசுகின்றார். தமக்குப் புரியவில்லை என்பதைப் பன்முறை ஒப்புக்கொள்கின்றார். முதற்பகுதியில், தம் கருவியை மக்கள் உற்றுநோக்குவதைக் காட்டி, பார்ப்பவர் யார், பார்க்கப்படுபவர் யார் என வினவுகின்றார். இந்நேர்மை மறுக்கத்தக்கதன்று. ஆயினும் அக்குரல் பிரெஞ்சு மொழியில் பிரெஞ்சு மக்களை நோக்கியே பேசிற்று. தேர்வடம் பிடித்தவரும் ஆடல் பயின்ற சிறுமியரும் அதற்கு மறுமொழி கூறும் வாய்ப்புப் படத்தினுள் இல்லை. 1970-இல் பிபிசி இத்தொடரை ஒளிபரப்பியபோது இந்திய அரசு கடும் எதிர்ப்புத் தெரிவித்தது. ஒளிபரப்பு நிறுத்தப்படாமையால் டில்லியிலிருந்த பிபிசி அலுவலகம் மூடப்பட்டது. காட்டப்பட்டோரின் பெயரால் அரசு பேசியது. காட்டப்பட்டோர் என்ன கருதினர் என்பதை இருதரப்பும் கேட்கவில்லை.

ரூஷ், மால் ஆகிய இருவரின் படங்களிலும் கூற்று வெளிப்படையே. வேறுபாடு கேட்போரில் உள்ளது. மால் சில மாதங்கள் தங்கிச் சென்ற பயணி. ரூஷோ அரை நூற்றாண்டுக்கு மேலாக அதே ஆற்றங்கரைக்குத் திரும்பத் திரும்பச் சென்றவர். எடுத்ததை எடுத்துச் சென்று காட்டியவர். தமூரே, லாம் ஆகியோரின் சினத்துக்கும் சிரிப்புக்கும் தம்மை உட்படுத்திக்கொண்டவர். 2004-ஆம் ஆண்டு பிப்ரவரியில் நைஜரிலேயே சாலை விபத்தில் உயிர்நீத்தார். அப்பயணத்திலும் தமூரே உடனிருந்தார்.

முடிவுரை

ஆவணப்பட இயக்குநர் தம் படத்தில் தோன்றுவது தற்பெருமையாகவும் அமையலாம், பொறுப்பேற்பாகவும் அமையலாம். இரண்டையும் பிரித்தறியும் அளவுகோலை ரூஷின் படங்கள் நமக்குத் தருகின்றன. தோன்றுபவர் வினவப்படுவதற்கும் தயாராக நிற்கின்றாரா என்பதே அவ்வளவுகோல். நீர்யானை வேடர்கள் இசையை நீக்கச் சொன்னபோது ரூஷ் நீக்கினார். மார்செலின் தந்தையோடு பேசியபோது விலகி நின்றார். ஹவுக்கா படத்தில் பிழை நேர்ந்த இடத்தை மறைக்காது, அதன் சுமையை இறுதிவரை சுமந்தார்.

நம் மாணவர்கள் தோட்டப்புறத் திருவிழாக்களையும், முதியோர் பாடும் தாலாட்டு, ஒப்பாரிகளையும், காவடி, அருளாட்டம் முதலிய வழிபாடுகளையும் இன்று கைப்பேசியிலேயே பதிவு செய்கின்றனர். மறைந்து வருபவற்றைக் காக்கும் அரும்பணி அது. எனினும் அப்பதிவுகளில் கேட்பவரின் குரல் பெரும்பாலும் வெட்டப்பட்டுவிடுகின்றது. பாட்டி யாரிடம் பாடினார், என்ன கேட்டதற்கு அவ்வாறு விடையிறுத்தார் என்பது பின்னால் வரும் ஆய்வாளர்க்குத் தெரிவதில்லை. பதிந்ததை அப்பாட்டிக்கு ஒருமுறை போட்டுக் காட்டும் வழக்கமும் அரிது. தம் ஒப்பாரியைத் தாமே கேட்கும் மூதாட்டி, இவ்வடியை இங்கு வைக்கலாகாது எனக் கூறக்கூடும். அத்திருத்தமும் ஆய்வின் ஒரு பகுதியே. பதிவில் வினவுபவரின் குரலை வெட்டாது வைத்தலும், பதிந்ததை உரியவர்க்கு எடுத்துச் சென்று காட்டுதலும் பெருஞ்செலவு வேண்டாப் பணிகள். கூற்றையும் கேட்போரையும் செய்யுளுக்கே உறுப்பாக்கிய மரபில் வந்த நாம், நம் களப்பதிவுகளில் இவ்விரண்டையும் இழந்துவிடலாகாது என்பதே இக்கட்டுரையின் துணிபு.